தலைமாட்டில் நிற்பவர்களுக்கு

அன்புள்ள மயக்க மருத்துவர்களே, அறுவை அரங்குச் செவிலியர்களே, தியேட்டர் டெக்னீஷியன்களே,

1946-ல் வெளிவந்த ஒரு பிரிட்டிஷ் படத்தைப் பற்றி உங்களிடம் பேசவே இந்த மடல். படத்தின் பெயர் 'கிரீன் ஃபார் டேஞ்சர்'. இயக்கியவர் சிட்னி கில்லியட். கிறிஸ்டியானா பிராண்ட் 1944-ல் வெளியிட்ட துப்பறியும் நாவல்தான் மூலம். கறுப்பு வெள்ளை, 91 நிமிடம். பழைய படங்களைத் தேடிப் பார்ப்பவர்கள் இதை எப்போதோ கண்டுபிடித்துக் கொண்டாடிவிட்டார்கள். ஆனால் இதை முழுமையாகப் பார்க்கக்கூடிய கண்கள் உங்களுடையவை. கொலை நடப்பது ஆபரேஷன் தியேட்டரில். கொல்வது நீங்கள் தினமும் காலையில் சரிபார்க்கும் மெஷின். முதல் சந்தேகம் விழுவது மேசையின் தலைமாட்டில் நிற்கும் மயக்க மருத்துவர் மேல்.

துப்பறியும் படத்தைப் பற்றி எழுதும்போது எதைச் சொல்லலாம், எதை மறைக்க வேண்டும் என்ற கேள்வி வரும். கொலை எப்படி நடந்தது என்பது இந்த மடலில் இருக்கிறது. அதை ஒதுக்கிவிட்டு உங்களோடு இந்தப் படத்தைப் பேச முடியாது. தலைப்பே பாதியைச் சொல்லியும் விடுகிறது. யார் செய்தார், ஏன் செய்தார் என்பதை இங்கே தேட வேண்டாம். அந்த முடிச்சு படத்திலேயே அவிழட்டும்.

கதை நடக்கும் காலம் 1944 ஆகஸ்ட். இடம், இங்கிலாந்தின் கிராமப்புறத்தில் ஒரு பழைய மாளிகையை மாற்றி அமைத்த ஹெரன்ஸ் பார்க் அவசரகால மருத்துவமனை. போர் தொடங்கியபோது பிரிட்டிஷ் அரசு இப்படிப் பல கட்டடங்களை மருத்துவமனையாக்கி, மருத்துவர்களையும் செவிலியர்களையும் ஒரே நிர்வாகத்தின் கீழ் கொண்டுவந்தது. அந்த ஏற்பாட்டின் அனுபவம்தான் 1948 ஜூலை 5-ல் தேசியச் சுகாதார சேவை பிறக்க ஒரு காரணமாக இருந்தது. படத்தில் அந்த மாளிகையின் அலங்கார வாசலுக்குள் இரும்புக் கட்டில்களும் ஸ்ட்ரெச்சர்களும் நெருக்கியடித்துக் கிடக்கின்றன. யாருக்கும் தூக்கம் போதவில்லை. ஷிஃப்ட் முடிந்தும் முடியாமலும் அடுத்த காயம்பட்டவர் வந்துவிடுகிறார். இந்தச் சோர்வு கதைக்கு முக்கியம். சோர்ந்த மனிதர்கள் சிலிண்டரின் நிறத்தை நம்புவார்கள். வேறு எதையும் சரிபார்க்க நேரமிருக்காது.

நாவலில் இது ராணுவ மருத்துவமனை; காலம், லண்டன் மேல் விமானங்கள் குண்டு வீசிய ஆண்டுகள். கில்லியட்டும் அவரோடு திரைக்கதை எழுதிய கிளாட் கர்னியும் அதைப் பொதுமக்கள் மருத்துவமனையாக்கி, ஆளில்லாப் பறக்கும் குண்டுகளின் காலத்துக்கு நகர்த்தினார்கள். ஜெர்மனியின் வி-1 குண்டுகள் லண்டனைத் தாக்கத் தொடங்கியது 1944 ஜூன் 13 அன்று. ஒவ்வொன்றிலும் ஏறக்குறைய 850 கிலோ வெடிமருந்து. அந்தக் குண்டுக்கு ஒரு குணம் உண்டு. எஞ்சின் இரைச்சல் கேட்டுக்கொண்டிருக்கும்வரை தலைக்கு மேல் கடந்து போகிறது என்று பொருள். இரைச்சல் சட்டென நின்றால் அது கீழே விழுகிறது. அதற்குப் பிறகு சில விநாடி மௌனம், பிறகு வெடி. படம் முழுவதும் பாத்திரங்கள் பேச்சை நிறுத்திவிட்டு மேலே பார்ப்பார்கள். நின்றுபோகுமா, தொடருமா என்று காது கொடுப்பார்கள். மானிட்டரின் 'பீப்' ஒலி படிப்படியாகச் சுருதி இறங்கும்போது திரையைப் பார்க்காமலேயே அடிவயிறு கலங்கும் அனுபவம் உங்களுக்கு உண்டு. இந்தப் படத்தின் பயம் அதே வகையைச் சேர்ந்தது.

அந்தக் குண்டு ஒன்றில் சிக்கிக் காயம்பட்டு வருகிறார் ஊர்த் தபால்காரர் ஜோசப் ஹிக்கின்ஸ். நாவலின் முதல் அத்தியாயத்தில் அவர் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு ஏழு கடிதங்கள் கொண்டு வருவார். அவற்றில் ஒன்றை எழுதியவர் பின்னால் அவரையே கொல்லப்போகிறவர். படத்தில் இந்த வேடத்தில் மூர் மேரியட். வில் ஹேயின் நகைச்சுவைப் படங்களில் பொக்கைவாய்க் கிழவராக வந்து அன்றைய பிரிட்டிஷ் ரசிகர்களைச் சிரிக்க வைத்தவர். அவர் முகத்தைப் பார்த்ததும் அரங்கம் லேசாகியிருக்கும். கில்லியட் அந்த மனிதரை மேசையில் படுக்க வைத்து, அறுவை சிகிச்சை தொடங்கும் முன்பே சாகடிக்கிறார்.

அந்தக் காட்சியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே பேச வேண்டும்.

படத்தின் தொடக்கத்திலேயே ஒரு குரல் கதை சொல்ல ஆரம்பிக்கிறது. அது இன்ஸ்பெக்டர் காக்ரில் தன் மேலதிகாரிக்கு எழுதும் அறிக்கை. மேசையைச் சுற்றி முகமூடி அணிந்த ஆறு பேர். கேமரா ஒருவர் முகத்திலிருந்து அடுத்தவர் முகத்துக்கு நகர, குரல் அவர்களை ஒவ்வொருவராக அறிமுகப்படுத்துகிறது. அறுவை மருத்துவர் ஈடன், மயக்க மருத்துவர் பார்ன்ஸ், சிஸ்டர் பேட்ஸ், செவிலியர்கள் லின்லி, சேன்சன், உட்ஸ். தெரிவது கண்கள் மட்டும். ஒளிப்பதிவாளர் வில்கி கூப்பருக்கு நடிகர்களின் முகத்தில் கிடைத்த இடம் புருவத்துக்கும் மூக்குக்கும் நடுவே ஒரு பட்டை. அந்தப் பட்டைக்குள் சோர்வு, கோபம், காதல், குற்றம் எல்லாவற்றையும் வைத்திருக்கிறார். முகமூடிக்கு மேல் தெரியும் கண்ணை வைத்தே சக ஊழியரின் மனநிலையைப் படிக்கப் பழகிய நீங்கள் இந்தக் காட்சியில் மற்றவர்களைவிடக் கூடுதலாகப் பார்ப்பீர்கள்.

பிறகு ஹிக்கின்ஸை உள்ளே தள்ளிக்கொண்டு வருகிறார்கள். முகத்தில் மாஸ்க் வைக்கப்படுகிறது. வாயு சீறும் ஓசை. ரப்பர் பை விரிந்து சுருங்குகிறது. பார்ன்ஸின் கை திருகின் மேல். நோயாளியின் நிறம் சரியில்லை என்று அவருக்குத் தோன்றுகிறது. உங்களில் யாராக இருந்தாலும் என்ன செய்வீர்களோ அதைச் செய்கிறார்: ஆக்சிஜனைக் கூட்டுகிறார். நோயாளி இன்னும் மோசமாகிறார். இன்னும் கூட்டுகிறார். பை அசைவது நின்றுபோகிறது.

இந்த நாவல் ஏன் ஈர்த்தது என்று பிற்காலத்தில் கில்லியட்டிடம் கேட்டபோது, மயக்கம் கொடுக்கும் அந்தச் சடங்கின் தாளம்தான் தன்னைப் பிடித்தது என்றார். நோயாளியைத் தள்ளி வருவது, ஃப்ளோ மீட்டர்கள், சிலிண்டர்கள், வாயுவின் சீறல், துடிக்கும் ரப்பர் பை, இவற்றுக்கிடையே வெட்டி வெட்டிக் காட்சியை அமைக்கும் வாய்ப்பு. துப்பறியும் புதிரைவிட இதுதான் அவருக்குப் பெரிதாகத் தெரிந்திருக்கிறது. படத்தொகுப்பைக் கவனியுங்கள்: கண், மீட்டர், பை, கை, மறுபடி கண். உங்கள் பார்வை ஒரு நாள் முழுக்க ஓடும் சுற்று இதுதான். சினிமாவில் மயக்க மருத்துவர் என்றால் பெரும்பாலும் ஒரு ஓரத்தில் நிற்கும் பச்சை உடுப்பு. நாயகன் கத்தியைக் கேட்டு வாங்கும்போது பின்னணியில் தலையாட்டுபவர். இந்தப் படம் கத்தியைக் கடைசி வரிசைக்கு அனுப்பிவிட்டு, உங்கள் வேலையை நடுவில் வைத்தது. அதுவும் 1946-ல். பாஸ்டனில் மார்ட்டன் ஈதர் கொடுத்து வலியில்லா அறுவை சிகிச்சையைப் பொதுவில் நிகழ்த்திக் காட்டியது 1846 அக்டோபர் 16. சரியாக நூறாவது ஆண்டில் வந்த படம்.

இனி, சிலிண்டர். அந்தக் காலத்தில் பாய்ல் மெஷினில் ஆக்சிஜன், நைட்ரஸ் ஆக்சைடோடு கார்பன் டை ஆக்சைடு சிலிண்டரும் தொங்கும். ஹென்றி பாய்ல் 1917-ல் உருவாக்கிய மெஷினின் வழித்தோன்றல்கள் அவை. இந்திய மருத்துவமனைகளிலும் அந்தப் பெயர் தலைமுறை தலைமுறையாகப் புழங்கியது. மூச்சு மந்தமானால் அதைத் தூண்ட கார்பன் டை ஆக்சைடு கொஞ்சம் கொடுப்பது அப்போது ஏற்கப்பட்ட முறை. பிரிட்டனில் அதன் சிலிண்டருக்குப் பச்சை நிறம். கொலையாளி செய்தது ஒரே ஒரு வேலை: ஒரு பச்சைச் சிலிண்டர் மேல் ஆக்சிஜன் சிலிண்டருக்குரிய கறுப்பு வண்ணத்தைப் பூசியது. விஷம் வாங்க வேண்டியதில்லை, துப்பாக்கி தேவையில்லை, கொலை நடக்கும்போது விசேஷமாக எதுவும் செய்ய வேண்டியதில்லை. கொலையைச் செய்து முடித்தது பார்ன்ஸின் கை. காப்பாற்ற வேண்டும் என்ற அவருடைய அவசரம். நோயாளி நீலம் பாரிக்கப் பாரிக்க அவர் திருகைக் கூடுதலாகத் திறந்தார். துப்பறியும் இலக்கியத்தில் எத்தனையோ கொலை முறைகள் உண்டு. ஒரு நல்ல மனிதரின் திறமையையும் அக்கறையையுமே ஆயுதமாக்கியது மிகச் சிலவே.

கறுப்பு வெள்ளைப் படத்தில் ஒரு நிறம் எப்படித் துப்பாக முடியும்? கில்லியட்டின் துணிச்சல் இங்கேதான். திரையில் பச்சையும் தெரியாது, நீலமும் தெரியாது; எல்லாம் சாம்பலின் பல அளவுகள். சிலிண்டர்கள் நம் கண்ணெதிரே நிற்கின்றன, நாம் அவற்றைப் பிரித்தறிய முடியாது. பார்ன்ஸ் எந்த நிலையில் நின்றாரோ அதே நிலையில் பார்வையாளரும் நிற்கிறார். வண்ணப் படமாக எடுத்திருந்தால் இந்தச் சமநிலை போயிருக்கும்.

கதை எழுதிய கிறிஸ்டியானா பிராண்ட் மலாயாவில் 1907-ல் பிறந்து, சிறு வயதில் இந்தியாவில் வளர்ந்தவர். கடையில் விற்பனைப் பெண்ணாக வேலை பார்த்த அனுபவத்திலிருந்து முதல் துப்பறியும் நாவலை எழுதினார். கணவர் ரோலண்ட் லூயிஸ் அறுவை மருத்துவர். மருத்துவமனை நடைமுறைகள் இவ்வளவு நுணுக்கமாகக் கதைக்குள் வந்ததற்கு அந்த வீட்டுச் சூழல் கை கொடுத்திருக்கும். பிள்ளைகளுக்காக அவர் எழுதிய 'நர்ஸ் மட்டில்டா' கதைகள்தான் 2005-ல் 'நானி மெக்ஃபீ' என்ற படமாயின.

வண்ணம் மாற்றிய அந்தச் சிலிண்டரைப் பற்றி உங்களில் இளையவர்கள் ஒரு கேள்வி கேட்பார்கள்: பின் இன்டெக்ஸ் எங்கே போயிற்று? அது அப்போது இல்லை. சிலிண்டர் வால்வில் இரண்டு துளை, மெஷினின் நுகத்தில் அவற்றுக்குப் பொருந்தும் இரண்டு முளை. ஆக்சிஜனுக்கு 2, 5. நைட்ரஸ் ஆக்சைடுக்கு 3, 5. கார்பன் டை ஆக்சைடுக்கு 1, 6 என்ற ஏற்பாடு 1950-களில்தான் தரநிலையாக வந்தது. பிரிட்டனில் கார்பன் டை ஆக்சைடின் பச்சையும் அந்த வாக்கில் சாம்பல் நிறமாக மாறியது. அமெரிக்காவிலோ ஆக்சிஜன் சிலிண்டருக்குத்தான் பச்சை. ஒரு நாட்டில் உயிர் கொடுக்கும் நிறம், இன்னொரு நாட்டில் கொல்லும் நிறம். நிறத்தை மட்டும் நம்பி ஒரு பாதுகாப்பு முறையைக் கட்ட முடியாது என்பதற்கு வேறு சான்று தேவையில்லை. ஹெரன்ஸ் பார்க்கின் மெஷினில் இரண்டு முளைகள் இருந்திருந்தால் அந்தச் சிலிண்டருக்கு யார் எந்தப் பெயின்ட் அடித்திருந்தாலும் அது நுகத்தில் உட்கார்ந்திருக்காது.

அதனால் ஆபத்து தீர்ந்துவிட்டது என்று உங்களிடம் சொல்ல யாருக்கும் தைரியம் வராது. நுகத்தில் ஒரு போடாக் சீலுக்குப் பதில் இரண்டைப் போட்டால் முளைகள் துளையை எட்டாமல் போய், தவறான சிலிண்டர் உட்கார்ந்துகொள்ளும் என்பதை நீங்கள் பாடத்திலேயே படித்திருக்கிறீர்கள். நாகர்கோவிலில் ஓர் அரசு மருத்துவமனையில் 2011-ல் அறுவை சிகிச்சைக்குச் சென்ற ஒரு பெண்ணுக்கு ஆக்சிஜனுக்குப் பதில் நைட்ரஸ் ஆக்சைடு செலுத்தப்பட்டது. அவர் நினைவு திரும்பாமலே அடுத்த ஆண்டு இறந்தார். குடும்பத்துக்கு இழப்பீடு தரும்படி உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. அங்கே கொலையாளி யாரும் இல்லை. வர்ணம் பூசிய கை எதுவும் இல்லை. படம் 1944-ல் வைத்த பயத்துக்கு ஏறக்குறைய ஏழு பத்தாண்டுகள் கழித்தும் உயிர் இருந்தது.

பார்ன்ஸாக நடிப்பவர் ட்ரெவர் ஹோவர்ட். முந்தைய ஆண்டுதான் 'பிரீஃப் என்கவுன்டர்' படத்தில் மருத்துவராக வந்து உலகப் புகழ் பெற்றிருந்தார். தந்தை கொழும்பில் காப்பீட்டுப் பணி பார்த்ததால் குழந்தைப் பருவத்தில் ஒரு பகுதியை இலங்கையில் கழித்தவர். இந்தப் படத்தில் அவர் முரட்டுத்தனமும் காயமும் கலந்த மனிதர். முன்பு ஒருமுறையும் அவர் மயக்கம் கொடுத்த ஒரு நோயாளி இறந்திருக்கிறார். அவர் மேல் தவறில்லை என்று விசாரணை சொன்னாலும் ஊர் வாய் ஓயவில்லை. ஹிக்கின்ஸ் இறந்ததும் பழைய பேச்சு மறுபடி கிளம்புகிறது. தியேட்டரில் ஆறு பேர் இருந்தார்கள். ஆனால் எல்லாக் கண்களும் திரும்புவது ஒரே ஒருவரை நோக்கி. மேசை மேல் நோயாளி இறந்த பிறகு, வெளியே காத்திருக்கும் உறவினர்களிடம் பேசிவிட்டு, அடுத்த கேசுக்குக் கை கழுவப் போக வேண்டியிருந்த அனுபவம் உள்ளவர்கள் ஹோவர்டின் தோள்களைப் பாருங்கள். வசனத்தில் இல்லாதது அங்கே இருக்கிறது.

படம் வெளிவந்து ஓராண்டுக்குள், 1947 அக்டோபர் 13 அன்று, இங்கிலாந்தின் செஸ்டர்ஃபீல்டில் ஒரு மருத்துவமனையில் ஒரே நாளில் முதுகுத்தண்டு மயக்க ஊசி போட்டுக்கொண்ட இருவருக்கு இடுப்புக்குக் கீழே நிரந்தரமாகச் செயலிழந்தது. மருந்துக் குப்பிகளைக் கிருமி நீக்கத்துக்காக ஃபீனால் கரைசலில் போட்டு வைத்திருந்தார்கள். குப்பியில் கண்ணுக்குத் தெரியாத கீறல்கள் வழியே ஃபீனால் உள்ளே போயிருக்க வேண்டும் என்று நீதிமன்றம் கருதியது. 1954-ல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் டென்னிங் பிரபு உள்ளிட்ட நீதிபதிகள், அப்படி ஓர் ஆபத்து 1947-ல் யாருக்கும் தெரிந்திருக்கவில்லை, எனவே மயக்க மருத்துவர் மேல் குற்றமில்லை என்று தீர்ப்பளித்தார்கள். பிற்காலத்தில் வேறு விளக்கங்களும் வந்தன. இங்கே கவனிக்க வேண்டியது, அதன் பிறகு பரிந்துரைத்த எளிய பாதுகாப்பு: கரைசலுக்குக் கடும் நீல நிறம் ஏற்றிவிடுவது. குப்பிக்குள் கசிந்தால் கண்ணுக்குத் தெரிந்துவிடும். பிராண்டின் கதையில் நிறம் ஏமாற்றியது. செஸ்டர்ஃபீல்டில் நிறம் இல்லாததே ஏமாற்றியது. பார்ன்ஸைச் சுற்றி எழும் முணுமுணுப்பு எவ்வளவு உண்மையானது என்று தெரிய இந்த வழக்கு ஒன்றே போதும்.

செவிலியர்களுக்கு இந்தப் படம் இன்னொரு வகையில் சொந்தம். சந்தேகத்துக்குரிய ஆறு பேரில் நான்கு பேர் நீங்கள். சேலி கிரே, ரோசமண்ட் ஜான், மெக்ஸ் ஜென்கின்ஸ், ஜூடி கேம்பல் நால்வரும் நான்கு வேறு மனுஷிகள். ஒருவர் மேல் ஒருவருக்கு எரிச்சல், அக்கறை, பொறாமை, பழைய நட்பு எல்லாம் உண்டு. அறையைப் பகிர்ந்துகொள்கிறார்கள். கேன்டீனில் பேசுகிறார்கள். தேவதையாகவோ மோகினியாகவோ செவிலியரைக் காட்டும் வழக்கத்திலிருந்து இது எவ்வளவோ தூரம். ஜென்கின்ஸின் செவிலியர் உட்ஸ் பருமனான, நடுவயதை எட்டும், வெடுக்கென்று பேசும் பெண். படம் அவரை ஒரு இடத்திலும் கேலிப் பொருளாக்கவில்லை.

சிஸ்டர் பேட்ஸுக்கு நேர்வது படத்தின் மிகப் பயங்கரமான பகுதி. மருத்துவமனை நடன விழாவில் இசையை நிறுத்தி, ஹிக்கின்ஸ் கொல்லப்பட்டார், அதற்குச் சான்று என்னிடம் இருக்கிறது என்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிடுகிறார். பிறகு இருட்டில் தனியாக தியேட்டருக்குப் போகிறார். காற்றில் மரங்கள் அலைகின்றன, கதவு ஆடுகிறது, விளக்கு போட்டதும் அங்கே நிற்பது அறுவை உடுப்பும் முகமூடியும் தொப்பியும் அணிந்த ஓர் உருவம். ஆணா பெண்ணா என்றுகூடத் தெரியாது. உங்களுக்கு மிகப் பழகிய உடுப்பு அது. அதை அணிந்து வரும் ஒருவரைப் பார்த்து நடுங்க வேண்டியிருக்கும் என்று அதுவரை யாருக்கும் தோன்றியிருக்காது. வெளிக் காட்சிகள் உட்பட இதையெல்லாம் பைன்வுட் ஸ்டூடியோவுக்குள் செட் போட்டு எடுத்தார்கள். போர்க்காலத்தில் ராணுவப் படப்பிரிவுகள் பயன்படுத்திய அந்த ஸ்டூடியோ மறுபடி திறந்ததும் அங்கே முதலில் படமானது இதுதான்.

அதற்குப் பிறகுதான் இன்ஸ்பெக்டர் காக்ரிலாக அலஸ்டர் சிம் வருகிறார். எடின்பரோவில் பேச்சுக்கலை ஆசிரியராக இருந்து நடிப்புக்கு வந்தவர். நாவலின் காக்ரில் சிறிய உருவமுள்ள, வயதான, கென்ட் மாவட்டப் போலீஸ்காரர். சிம் நெட்டை, நீண்ட கை, உருளும் கண். வேடத்தை அடியோடு மாற்றிவிட்டார். குண்டின் ஓசை கேட்டதாக நினைத்துப் பதறிப் பதுங்குகிறார். இரண்டு மருத்துவர்கள் சண்டை போடும்போது நாற்காலியில் உட்கார்ந்து ரசிக்கிறார். படுக்கையில் துப்பறியும் நாவல் படித்து, இவர்தான் கொலையாளி என்று தீர்மானித்துக் கடைசிப் பக்கத்தைப் புரட்டினால் தப்பாகப் போகிறது. இதெல்லாம் சிரிக்க வைக்கத்தான். ஆனால் அவரது சிரிப்பில் ஒரு கொடூரம் இருக்கிறது. சோர்ந்துபோன இந்த மனிதர்களைப் பயமுறுத்துவதில் அவருக்கு ஒரு சந்தோஷம். மருத்துவமனைக்குள் வெளியாள் ஒருவர் விசாரணை என்று நுழைந்து, உங்கள் வேலையின் எந்த நெருக்கடியும் புரியாமல் கேள்வி கேட்பது எப்படியிருக்கும் என்பதைச் சிம் உடம்பாலேயே காட்டிவிடுகிறார். முடிவில் தன் அறிக்கையில் தோல்வி என்ற சொல்லை அவரே எழுத வேண்டி வருகிறது. காரணத்தை நீங்கள் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும். தியேட்டரில் நடக்கும் ஒன்றைப் புரிந்துகொள்ளாதவர் குறுக்கே கை நீட்டினால் என்ன ஆகும் என்பதோடு அதற்குத் தொடர்பு உண்டு.

குறைகளையும் சொல்லிவிட வேண்டும். ஈடன், பார்ன்ஸ், லின்லி மூவரின் காதல் சிக்கல் சில இடங்களில் இழுக்கிறது. கொலையாளியின் நோக்கம் கடைசியில் அவசரமாகச் சொல்லி முடிக்கப்படுகிறது. காக்ரில் அதே குழுவை வைத்து, அவர்களில் ஒரு செவிலியரையே நோயாளியாகப் படுக்க வைத்து, மயக்கமும் கொடுக்கச் சொல்லி அந்த அறுவை சிகிச்சையை மறுபடி நடத்திப் பார்ப்பதை எந்த மருத்துவமனை நெறிமுறைக் குழுவும் ஏற்காது. நீங்கள் இருக்கையிலிருந்து எழுந்து சத்தம் போடலாம். போடத்தான் வேண்டும். ஆக்சிஜன் மேலேயே சந்தேகம் வந்தால் மெஷினைக் கழற்றிவிட்டு அம்பு பையில் அறைக் காற்றைக் கொடு என்று பயிற்சியின் முதல் மாதத்தில் உங்களுக்குச் சொல்லித்தந்திருப்பார்கள். பார்ன்ஸுக்கு அது கிடையாது. அம்பு பை சந்தைக்கு வந்தது 1956-ல். பல்ஸ் ஆக்ஸிமீட்டரின் அடிப்படையை ஜப்பானில் டகுவோ அயோயாகி கண்டுபிடித்தது 1970-களில். உலகச் சுகாதார நிறுவனத்தின் அறுவைப் பாதுகாப்புப் பட்டியல் 2008-ல். பார்ன்ஸிடம் இருந்தவை நோயாளியின் நாடித் துடிப்பின் மேல் ஒரு விரல், உதட்டு நிறத்தின் மேல் ஒரு பார்வை, சிலிண்டரின் நிறத்தின் மேல் ஒரு நம்பிக்கை. மூன்றில் ஒன்றைக் கொலையாளி திருடிவிட்டார்.

இன்று அதே கார்பன் டை ஆக்சைடு உங்கள் கேப்னோகிராஃபில் ஏறி இறங்கும் கோடாக ஓடிக்கொண்டிருக்கிறது. குழாய் சரியான இடத்தில் இருக்கிறதா, நோயாளி மூச்சு விடுகிறாரா என்று முதலில் சாட்சி சொல்வது அந்த வாயுதான். இந்த மாற்றத்தின் முழு நீளத்தையும் உணர, அது கொலை ஆயுதமாக இருந்த ஒரு கதையைப் பார்த்துவிட்டு மறுநாள் டூட்டிக்குப் போக வேண்டும்.

ஆகவே ஒரு கோரிக்கை. ஒவ்வொரு ஆண்டும் அக்டோபர் 16-ல் உலக மயக்கவியல் நாளுக்கு உங்கள் துறையில் ஏதாவது ஒரு நிகழ்ச்சி வைக்கிறீர்கள். பேருரை, போஸ்டர் போட்டி, கேக். இந்த முறை அன்று மாலை இந்தப் படத்தைத் திரையிடுங்கள். ஆங்கில வசனங்கள் வேகமானவை, சிம்மின் உச்சரிப்பு முறுக்கானது. திரையில் வசன எழுத்துகள் ஓடும் பிரதியாகத் தேடி எடுங்கள். ஹிக்கின்ஸ் இறக்கும் காட்சி முடிந்ததும் ஐந்து நிமிடம் நிறுத்தி, இந்த இடத்தில் இன்று நம் தியேட்டரில் எந்தெந்தத் தடுப்புகள் இருக்கின்றன, அவற்றில் எவை உண்மையில் வேலை செய்கின்றன என்று பயிற்சி மருத்துவர்களைக் கேளுங்கள். விரிவுரையில் கேட்கும்போது வராத பதில்கள் அப்போது வரும். ஆக்சிஜன் அனலைசரின் அலாரம் தொல்லையாக இருக்கிறது என்று எப்போதோ அணைத்து வைத்தது யாருக்காவது நினைவு வரலாம். அறையில் நோயாளிகளின் உறவினர்கள் யாரும் இருக்கமாட்டார்கள் என்பதால் தயங்காமல் பேசலாம்.

மருத்துவர்களையும் செவிலியர்களையும் மட்டும் அழைத்து நிறுத்திவிடாதீர்கள். ஸ்டோரிலிருந்து சிலிண்டரை உருட்டிக்கொண்டு வருபவர், மேனிஃபோல்டு அறையில் இரவில் தனியாக அழுத்தமானியைப் பார்த்துக்கொண்டிருப்பவர், வெளியிலிருந்து வந்து குழாயைப் பழுது பார்த்துவிட்டுப் போகிறவர், இவர்களுக்கும் முன்வரிசையில் இருக்கை வேண்டும். இரவு ஷிஃப்ட்டில் இருப்பவர்களுக்காக மறுநாள் பிற்பகல் இரண்டாவது காட்சி ஒன்றையும் வையுங்கள்.

அன்புடன்,
துப்பறியும் படங்களை நேசிக்கும் ஒரு வாசகர்